குங்குமத்தில் பிழை இல்லை

டோர்ட்மண்ட்
வியாழன், மத்தியானம்

அன்பு மகள் துஷானிக்கு அப்பா எழுதுறது.

குங்குமம் வித்த கடைக்காரரை விடு பிள்ளை. அந்தாளின்ர குங்குமத்தில ஒரு பிழையும் இல்லை. காலமை நீ போனில அவரைப் பேசின பேச்செல்லாம் எனக்கு விழவேண்டியது. போனில சொன்னா கொம்மாவுக்குக் கேக்கும். அதால எழுதிப் படமெடுத்து அனுப்புறன். ஹம்பேர்க்கில இருந்து கத்தாமல் கடைசி மட்டும் வாசி.

போன வெள்ளி கோயிலுக்கு வெளிக்கிடேக்க குங்குமம் முடிஞ்சுபோச்சு. பக்கத்து வீட்டு ஜேர்மன் மனிசி மரத்துக்குக் கீழ வெள்ளைப் பூக்கண்டு ஒண்டு வளர்க்கிறா. கிழங்கை முறிச்சா ரத்தம் மாதிரிப் பால் வரும். ரத்தவேர் எண்டு பேராம். கனடாக் காட்டில அந்த நாளையில ஆதிவாசியள் முகத்துக்குப் பூசினவையாம், அதால சாயக்கிழங்கு எண்டும் சொல்லுவினமாம். மிச்சம் அவ சொன்னது விளங்கேல்லை. தலையாட்டினனான்.

அதில ஒரு துண்டைக் கிள்ளி, நெருப்புக்குச்சியால கொம்மாவுக்குப் பொட்டு வச்சனான். கடையில புதுசா வாங்கின குங்குமம் எண்டு சொன்னனான். வேர்வைக்கும் அழியேல்லை எண்டு அவவுக்கு ஒரே புளுகம், சந்தோசம் தாங்கேல்லை. நாலு நாள் நானே வச்சுவிட்டன். உள்ளுக்க எனக்குச் சிரிப்பு.

இப்ப அந்த இடம் கரி மாதிரிக் கறுத்துப் பொருக்குக் கட்டிப்போச்சு. என்ன பூசினது எண்டு டொக்டர் கேக்க, குங்குமம் எண்டுபோட்டு வாயைப் பொத்தினன். அவர் புற்றுநோயோ எண்டு பாக்க நாளைக்கு ஒன்பது மணிக்கு நெத்தியில வெட்டி எடுக்கப்போறாராம். கொம்மா சாப்பிடுறா இல்லை. ஆருக்கு எந்தச் சீலை எண்டு பிரிச்சு வைக்கிறா. உனக்கு அந்தப் பச்சை.

நேற்று பக்கத்து வீட்டு மனிசியிட்டத் திரும்பக் கேட்டன். அந்தப் பால் தோலைத் தின்னுமாம். தோலோட நிக்குமோ, உள்ளுக்கும் போகுமோ?

இப்பதான் துணிஞ்சு, இஞ்சேரும், அது குங்குமம் இல்லை எண்டு துவங்கினன். நான் சாகக் கிடக்கிறன், உங்களுக்கு இப்பவும் பகிடி எண்டுபோட்டு, மிச்சத்தைக் கேளாமல் எழும்பிப் போட்டா. நாப்பத்திரண்டு வருசமா நான் சொன்ன பொய்யெல்லாத்தையும் நம்பினவ.

நீ சொன்னா நம்புவா. டொக்டருக்கும் நீயே எடுத்துச் சொல்லு. கிழங்குத் துண்டைப் பேப்பரில சுத்தி வச்சிருக்கிறன். என்னைப் பற்றி என்னவும் சொல்லு, அந்தச் சீலையளைத் திரும்ப அலுமாரியில வைக்கச் சொல்லு. பிள்ளையார் உன்னைக் காப்பாத்துவார். இண்டைக்கே கொம்மாவுக்குப் போன் எடு.

இப்படிக்கு,
உன்ர அப்பா
கதிர்காமநாதன்