மௌனப் படத்துக்கு எடுத்த விடுப்பு

கள்ளக்குறிச்சி

அன்புள்ள சுபைர்,

நலம். நம் திரைப்படக் கழகம் ஒன்றரை மணி நேர விவாதத்துக்குப் பின், படம் ஓடும்போது மின்விசிறியை நிறுத்துவதென்று ஒருமனதாகத் தீர்மானித்தது. எதிர்த்த இருவரும் அப்போது டீ குடிக்கப் போயிருந்தார்கள்.

ஜெர்மனியிலிருந்து நீ அனுப்பிய மௌனப் படத்தை ஞாயிறு மாலை திரையிட்டோம். இடையிடையே வரும் எழுத்துகளை நான்தான் தமிழாக்கினேன். அதற்காக வியாழனும் வெள்ளியும் அலுவலகத்துக்கு விடுப்பு. அரசு ஊழியர் ஒருவர் கலைக்காகச் செய்த தியாகம் என்றார் தலைவர் நாராயணசாமி.

பார்வையாளர் பதினான்கு பேர். பதினைந்தாவதாக வந்தவர் சின்னதுரை, கல்வராயன் மலைக்காரர். மகள் தேவதர்ஷினிக்கு நர்சிங் இடம் கிடைத்திருக்கிறது. திங்கள் மாலைக்குள் சாதிச் சான்று காட்ட வேண்டும். அதற்காக ஆறு முறை மலையிறங்கி என் மேசைக்கு வந்தவர். ஆறு முறையும் நாளைக்கு வரச் சொன்னேன். அதில் விதிமீறல் எதுவும் இல்லை. ஏழாம் முறை நான் விடுப்பு.

"உங்க வூட்ல கேட்டேன் சார், இங்க படம் காட்டினு இருக்கீங்கன்னாங்க" என்றார். உட்காரச் சொன்னேன்.

படத்தில் வேலை போன ஒரு குமாஸ்தா முதலாளி வீட்டுக்கு நடையாய் நடக்கிறான். கதவு திறப்பதில்லை. மனம் விட்டுப்போய் அந்த வீட்டுக்கே தீ வைக்கிறான். வைத்தது யாரென்று துப்பறிவாளர் முக்கால் மணி நேரம் தேடுகிறார். மர்மப் படம் என்றுதான் நோட்டீஸ் ஒட்டியிருந்தோம்.

அவன் தீக்குச்சியை உரசியதும் சின்னதுரை எழுந்துவிட்டார். "வேணாம்ப்பா! இன்னும் ஒருவாட்டி கேட்டுப் பாருப்பா!"

"யோவ், உக்காருய்யா. இது ஊமைப் படம்" என்றார் நாராயணசாமி.

"அவனுக்குத்தானுங்க வாய் இல்ல. எனுக்கு இருக்குதே."

விளக்கு போட்ட பிறகு சான்றைப் பற்றி அவர் கேட்கவில்லை. "அவன எத்தினி வாட்டி சார் நாளைக்கு வரச் சொன்னாங்க?" என்றுதான் கேட்டார். அது படத்தில் இல்லை என்றேன்.

"தமிழ்ல எழுதினது நீங்கதான சார். போட்டிருக்கலாமே."

திங்களன்று ஒன்பதரைக்கே அலுவலகம் போனேன். கூட்டுகிறவர் என்னைப் பார்த்துக் கடிகாரத்தைப் பார்த்தார். சின்னதுரையின் கோப்பில் குறிப்பெழுதி, நானே கையில் எடுத்துக்கொண்டு மாடிக்குப் போனேன். கையெழுத்திட வேண்டிய மேலதிகாரி மச்சினன் கல்யாணத்துக்காக மூன்று நாள் விடுப்பு.

சுபைர், அடுத்த முறை அனுப்பும்போது, யாரும் யார் வாசலுக்கும் நடக்காத படமாகப் பார்த்து அனுப்பு. அங்கே குளிர் தொடங்கியிருக்கும், உடம்பைப் பார்த்துக்கொள்.

என்றும் அன்புடன்,
சிவசங்கர்

பி.கு.: சான்று வியாழக்கிழமை கையெழுத்தானது. தேவதர்ஷினி உளுந்தூர்பேட்டையில் ஒரு நெடுஞ்சாலை ஓட்டலில் பில் போடுகிறாள்.