மாலை போட்ட படம்

14.8.1986, வியாழன்

உசிலம்பட்டியில் இன்று டிவி நாடகத்துக்காக ஒரு வீட்டில் படம் எடுத்தோம். கதாநாயகி விதவை. அவளுக்குப் பின்னால் சுவர் மொட்டையாக இருந்தது. செட் வரைந்து பழகி டைரக்டரானவன் நான். கண் சும்மா இருக்கவில்லை. அலமாரியில் இருந்த ஒரு வாலிபனின் போட்டோவை யாரையும் கேட்காமல் எடுத்து மாட்டினேன். கண்ணாடியில் பொட்டு வைத்து மாலையும் போட்டேன்.

ஷாட் முடிந்த பிறகுதான் வீட்டுக்கார அம்மா உள்ளே வந்தார். படத்தில் இருப்பது பட்டாளத்தில் இருக்கும் அவர் மகனாம். மாலையைக் கழற்றினார். பொட்டை முந்தானையால் துடைத்தார்.

“அந்த ஷாட்ட வெட்டிடுறேம்மா” என்றேன்.

“நீங்க வெட்டிருவீக தம்பி. நான் கண்ணால பாத்துட்டேனே.”

தூக்கம் வரவில்லை. நானும்தான் பார்த்தேன். அந்த முகத்துக்கு மாலை அவ்வளவு பொருத்தமாக இருந்தது.