எரிச்சலைப் பொறுத்த கை

செவ்வாய், இரவு

இண்டூர் மாரம்மா அக்காவுக்கு இன்று கீமோ. சிவப்பு மருந்து, நரம்பை விட்டுக் கசிந்தால் சதையையே அரித்துவிடும். அடுத்த கட்டிலைப் பார்த்துவிட்டுத் திரும்பினால், அக்கா பல்லைக் கடித்துக்கொண்டிருக்கிறார். ஊசி போட்ட புறங்கை வீங்கியிருந்தது. உடனே மருந்தை நிறுத்தினேன்.

"எரியுதுன்னு ஏன்க்கா சொல்லல?"

"எரிஞ்சாத்தானே கட்டி கரையும்னு பொறுத்துக்கிட்டேங்க சிஸ்டர்."

ஊசி வழியாகவே முடிந்த மட்டும் உறிஞ்சி எடுத்து, ஐஸ் வைத்தோம். "எப்படி ஆச்சு?" என்று டாக்டர் என்னைத்தான் கேட்டார். நான் வாய் திறப்பதற்குள் அக்கா, "நாந்தாங்க கைய ஆட்டிட்டேன்" என்றார்.

அவர் ஆட்டவே இல்லை. அந்தக் கை என்ன ஆகுமோ. எரிந்தால் உடனே கூப்பிடச் சொல்லிவிட்டுத்தான் மருந்தை ஏற்ற வேண்டும். காலையில் அதை நான் அக்காவிடம் சொல்லவில்லை. சொல்லவில்லை என்பதை டாக்டரிடமும் சொல்லவில்லை.