செம்மேட்டில் கரி பஸ்

தெருமுனை இஸ்திரி வண்டிக்காரர் இன்று காலை ஈரக் கரியைப் போட்டுவிட்டார் போலிருக்கிறது. பெட்டி பற்றாமல் புகைந்து, அந்த வாசனை ஜன்னல் வழியாக வீடு முழுக்க வந்துவிட்டது. மருமகள் கதவைச் சாத்த ஓடினாள். கொஞ்சம் இருக்கட்டும் என்றேன். கண்ணை மூடினால் திங்கட்கிழமை காலை ஆலங்குடியில் பஸ் ஏற நிற்பது போலவே இருந்தது.

அந்த பஸ்ஸைப் பற்றி உங்களுக்கு நான் சொல்வது கொஞ்சம் அதிகப்பிரசங்கித்தனம்தான். ஆயுசு முழுக்க நீங்கள் சொல்ல நான் கேட்ட கதை. இப்போது சொல்ல நீங்கள் இல்லை, அதனால் நான் சொல்கிறேன்.

உலகச் சண்டைக் காலம். பெட்ரோலுக்குக் கூப்பன் கொடுத்தார்கள். கூப்பன் இருந்தவர்களுக்கும் பெட்ரோல் கிடைக்கவில்லை. புதுக்கோட்டை சமஸ்தானத்துச் சாலைகளில் ஓடிய பஸ்களின் முதுகில் ஆளுயர இரும்பு டிரம் ஒன்றை மாட்டிவிட்டார்கள். அதில் கரியைக் கொட்டி, அடியில் நெருப்பு வைத்து, கிளீனர் கைச்சக்கரத்தைச் சுற்றிச் சுற்றிக் காற்று ஊதுவார். வெகு நேரம் ஊதிய பிறகு கரியிலிருந்து எழும்பும் வாயுவைத் துணி வழியாக வடிகட்டி இழுத்துக்கொண்டு என்ஜின் இருமும், உறுமும், கிளம்பும். சமதரையில் ஓடிவிடும். மேடு வந்தால் மூச்சு வாங்கி நின்றுவிடும்.

நம்முடைய வழியில் அந்த மேடு செம்மேடு. அடிவாரத்தில் பஸ் நின்றதும், நடக்க முடிந்தவர்கள் எல்லாரும் இறங்க வேண்டும் என்பார் கண்டக்டர். ஆண்கள் பின்னால் நின்று தள்ளுவார்கள். வண்டி நகரத் தொடங்கியதும் புகைக்குப் பயந்து பெண்கள் வெகுவாகப் பின்தங்கி நடப்போம். இரண்டு பக்கமும் முந்திரி மரங்கள். பூக்கிற காலத்தில் அந்த வாசனையும் கரி வாசனையும் செம்மண் தூசியும் கலந்து, காலை வெயிலில் எல்லாமே பாதி கரைந்தது போல இருக்கும். பஸ் தூரத்தில் தானாக மிதந்து போவதாகத் தோன்றும். உச்சியில் நமக்காகக் காத்திருக்கும்.

நான் அப்போது புதுக்கோட்டையில் வாத்தியார் டிரெயினிங் படித்துக்கொண்டிருந்தேன். சனிக்கிழமை வீட்டுக்கு வந்து, திங்கட்கிழமை ஹாஸ்டலுக்குத் திரும்புவேன். துணைக்கு அப்பா வருவார். கடலை வியாபாரி, முழங்கால் வலிக்காரர். என்னை ஆத்தா என்றுதான் கூப்பிடுவார். மேட்டில் அவர் இறங்க மாட்டார். துணைக்கு வந்தவர் பஸ்ஸில் சுகமாகத் தூங்க, நான் நடந்து வருவேன்.

முதல் நாள் உங்களைப் பார்த்தது நினைவிருக்கிறதா? தள்ளி முடித்துவிட்டு, சாலை ஓரத்தில் ஒரு முந்திரி மரத்தடியில் கண்ணைக் கசக்கிக்கொண்டு நின்றீர்கள். வெள்ளைச் சட்டை முழுக்கக் கரிப்புள்ளி. பாவமாக இருந்தது. கூஜாவை நீட்டி, கண்ணில் தூசியா என்று கேட்டேன். நீங்கள் சொன்ன முதல் வார்த்தையை இன்றைக்கும் நினைத்துச் சிரிக்கிறேன்.

"தூசி இல்லைங்க, கரி. வடிகட்டுற துணிய மாத்தாம விட்டுட்டாங்க."

தண்ணீர் கொடுத்த பெண்ணிடம் ஒருவர் பேசுகிற பேச்சா அது? புதுக்கோட்டை ஜவுளிக்கடையில் துணி கிழிக்கிற வேலை உங்களுக்கு. பஸ் கம்பெனிக்கும் உங்களுக்கும் எந்த ஒட்டும் உறவும் கிடையாது. ஆனால் அந்த மாடலின் பிறவி ஜாதகமே உங்கள் வாயில் இருந்தது.

அதற்குப் பிறகு திங்கட்கிழமைதோறும் மேட்டில் எனக்கு ஒரு தவணைக் கதை. என்ஜினும் சக்கரமும் மட்டும்தான் கப்பலில் மதராஸ் வந்தன என்று ஒரு வாரம். மேல்கூடு இல்லாத அந்த வண்டியை, பலகை ஒன்றில் உட்கார்ந்து வெயிலிலும் மழையிலும் ஓட்டிக்கொண்டு வந்த டிரைவர் முகமெல்லாம் உரிந்துபோய் ஊர் சேர்ந்தார் என்று அடுத்த வாரம். நம் ஊர்த் தச்சர்கள் மாட்டுவண்டிக் கூண்டு கட்டிய கையால் அதற்கு மரக்கூடு கட்டித் தகரம் அடித்ததை மட்டும் மூன்று நான்கு வாரம் சொன்னீர்கள். குளத்தூருக்கும் கந்தர்வக்கோட்டைக்கும் ஓடியவையும் அதே மாடல்தானாம். முகம் ஒன்று, முதுகுதான் கட்டியவர் கைக்குத் தகுந்தபடி வேறு வேறு என்பீர்கள். டிரம் வைப்பதற்காகப் பின்சீட்டு இரண்டைப் பிடுங்கியதைச் சொன்னபோது உங்கள் குரலே இறங்கிவிட்டது.

நான் காத்துக்கொண்டே இருந்தேன். என்றைக்காவது ஒரு நாள் பஸ்ஸை விட்டுவிட்டு என்னைப் பற்றி ஏதாவது சொல்ல மாட்டாரா என்று. உங்கள் கண் என்னவோ சொல்லிக்கொண்டுதான் இருந்தது. வாயைத் திறந்தால் மட்டும் பஸ். எனக்கு அப்படிக் கோபம் வரும். ஆனாலும் ஞாயிறு ராத்திரி தூக்கம் வராது.

சண்டை முடிந்தது. கொஞ்ச நாளில் பெட்ரோல் வரத் தொடங்கியது. அதே சமயத்தில் கந்தர்வக்கோட்டையிலிருந்து எனக்கு ஒரு ஜாதகம் வந்து, பொருந்தியிருக்கிறது என்று அப்பா சந்தோஷமாக இருந்தார். அந்தத் திங்கட்கிழமை பஸ்ஸைப் பார்த்தேன். முதுகில் டிரம் இல்லை. கழற்றிய இடத்தில் ஆணித்துளைகளை மரச்சக்கை வைத்து அடைத்திருந்தார்கள். ஏறியவர்களுக்கெல்லாம் ஒரே குஷி, இனிமேல் தள்ள வேண்டாம், சட்டை அழுக்காகாது என்று. நீங்கள் மட்டும் கடைசி சீட்டில், அடைத்த துளை ஒன்றை விரலால் தடவிக்கொண்டு உட்கார்ந்திருந்தீர்கள்.

செம்மேடு வந்தது. பஸ் நிற்கவில்லை. இத்தனை நாள் நடந்த மேட்டை அது சர்ரென்று ஏறத் தொடங்கியது. இந்த மேடு போனால் இனி உங்களோடு பேச எனக்கு உலகத்தில் வேறு இடம் கிடையாது. எழுந்து நின்றுவிட்டேன்.

"நிறுத்தச் சொல்லுங்க. தல சுத்துது. நடந்து வாரேன்."

அப்பா விழித்துப் பதறிவிட்டார். இறங்கி வர முழங்கால் இடம் கொடுக்கவில்லை. பஸ் முழுக்கத் திரும்பிப் பார்த்து, கடைசியில் உங்களிடமே சொன்னார்: "தம்பி, நீங்க செத்த கூடப் போங்களேன். எங்க ஆத்தா தனியாப் போகுது." அப்பாவின் அப்பாவித்தனத்தை நினைத்தால் இப்போதும் மனசு இளகுகிறது.

பாதி மேடு வரைக்கும் பஸ் போன தடத்தையே பார்த்துக்கொண்டு நடந்தீர்கள். பிறகு தொண்டையைக் கனைத்துக்கொண்டு, டிரம்மை எடுத்துவிட்டால் பின்சக்கரத்துக்குப் பாரம் குறையும் என்றீர்கள். எனக்கு அழுகையே வந்துவிட்டது. கந்தர்வக்கோட்டை ஜாதகத்தைச் சொன்னேன். நீங்கள் நின்றுவிட்டீர்கள். உச்சியில் பஸ் ஹாரன் அடித்தது.

"இன்னும் அந்த வண்டி கதை முடியலைங்க" என்றீர்கள், தரையைப் பார்த்துக்கொண்டு.

"மிச்சத்த எங்க வீட்டுல வந்து சொல்லுங்க. எங்க அப்பாட்ட."

அந்த வாரமே உங்கள் அம்மாவைக் கூட்டிக்கொண்டு வந்தீர்கள். தூரத்து முறை ஒன்று இருந்தது நம் நல்ல காலம். ஆனால் அன்றைக்கும் அப்பாவிடம் நீங்கள் பெண் கேட்கவில்லை. வடிகட்டும் துணியைப் பற்றித்தான் விளக்கிக்கொண்டிருந்தீர்கள். பெண்ணைக் கேட்டது உங்கள் அம்மா. ஒரு தகர வண்டி மேல் இவ்வளவு பிரியம் வைத்திருப்பவன் பெண்டாட்டியைக் கைவிட மாட்டான் என்று அப்பா சொன்னாராம். அவர் கணக்கு தப்பவில்லை.

அந்த பஸ் கடைசியில் என்ன ஆனது என்று எத்தனையோ தடவை கேட்டிருக்கிறேன். அது அப்புறம் என்று நழுவிவிடுவீர்கள். மூக்கில்லாத தட்டை முக பஸ்கள் வந்து, பழையவை ஒவ்வொன்றாகக் காணாமல் போன பிறகும் சொல்லவில்லை. உடைத்துப் போட்டார்கள் என்று சொல்ல உங்களுக்கு மனசு வரவில்லை. அது தெரிந்துதான் நானும் விட்டுவிட்டேன்.

படுக்கையில் கிடந்த கடைசி நாட்களில் உங்களுக்குக் காலம் இடம் எல்லாம் குழம்பிவிட்டது. ஒரு விடியற்காலை எழுந்து, கட்டிலில் காலைத் தொங்கப் போட்டுக்கொண்டு, மேல்மூச்சு வாங்கக் கேட்டீர்கள்: "மேடு வந்திருச்சா?"

எனக்கு உடனே புரிந்துவிட்டது. உங்கள் கையைப் பிடித்துக்கொண்டு, "இன்னும் வரல. உக்காருங்க" என்றேன். சரி என்று தலையை ஆட்டினீர்கள். நான் காபி ஆற்றிக்கொண்டு வருவதற்குள் இறங்கிப் போய்விட்டீர்கள்.

முந்தாநாள் பென்ஷன் விஷயமாகப் புதுக்கோட்டை போனேன். செம்மேட்டைக் கரைத்து ரோட்டைச் சமன் செய்து எத்தனையோ வருஷம் ஆகிவிட்டது. அப்படி ஒரு மேடு இருந்ததே பஸ்ஸில் யாருக்கும் தெரியாது. முந்திரி மரங்கள் மட்டும் மிச்சம். அந்த இடம் வந்ததும் என் கால் என்னைக் கேட்காமல் செருப்பை மாட்டிக்கொண்டது. கம்பியைப் பிடித்துக்கொண்டு எழுந்து நின்றிருக்கிறேன், எனக்கே தெரியவில்லை. கண்டக்டர் சின்னப் பையன், மரியாதை தெரிந்தவன். என் தோளைத் தொட்டுச் சொன்னான்:

"எறங்குற எடம் இன்னும் வரல ஆத்தா. உக்காருங்க."

சரி என்று தலையை ஆட்டிவிட்டு உட்கார்ந்துகொண்டேன்.