உன் சீசன் டிக்கெட் சாட்சி சொன்ன நாள்

அன்பு நண்பா,

இன்று காலை கடையில் அந்தப் பழைய பட்டன் டப்பாவைத் திறந்தேன். உன் ரயில் சீசன் டிக்கெட்டுகள் ரப்பர் பேண்டுக்குள் அப்படியே இருக்கின்றன, ஓரமெல்லாம் உன் வியர்வையில் மஞ்சளாகி. "இத்தயெல்லாம் மாலையா கோத்து மாட்டிக்கப் போறியாடா?" என்று எத்தனை தடவை கிண்டல் செய்திருப்பேன். "கெடக்கட்டும் வுடு. கடைக்கு நான் இன்னா அலைச்சல் அலைஞ்சேன்னு நாளைக்கு நீ மறந்துட்டா காட்டணும்ல" என்பாய். ஜெயித்துவிட்டோமடா! அதைச் சொல்லத்தான் எழுதுகிறேன்.

நீ போன மறுவருஷம் நம் தையல் சாமான் கடைக்கு ஜிஎஸ்டி நோட்டீஸ் வந்தது. பெங்களூரில் நீ கையெழுத்துப் போட்டு வாங்கிய பில்களில் வண்டி நம்பர் இல்லையாம். ஆகவே சரக்கே வரவில்லையாம், பில்லெல்லாம் போலியாம். உன் தோள்தான் நம் லாரி என்று அவர்களுக்கு எப்படித் தெரியும்? காலையில் நம் ஊரிகம் ஸ்டேஷனில் ரயில் ஏறுவாய். சாயங்காலம் நூலும் ஜிப்பும் லைனிங் துணியுமாக இரண்டு பை தொங்க இறங்குவாய்.

பதில் படிவத்தில் 'நேரில் விளக்க விரும்புகிறீர்களா' என்று ஒரு கேள்வி இருந்தது. 'இல்லை' என்று டிக் போட்ட புத்திசாலி நான்தான். ஆபீஸர்களைப் பார்த்தாலே எனக்கு நாக்கு ஒட்டிக்கொள்ளும். வெளியே பேசுவதெல்லாம் நீதானே. என்னைக் கூப்பிடாமல், ஒரு வார்த்தை கேட்காமல் உத்தரவு வந்துவிட்டது. உன் கையெழுத்துக்குப் பக்கத்தில் 'போலி' என்ற சொல். பல நாள் உன் வீட்டுத் தெருவில் நடக்கவே வெட்கப்பட்டேன்.

ராபர்ட்சன்பேட்டை ஆடிட்டரம்மாவிடம் போனேன். உத்தரவைப் படித்தவர் சட்டென்று நிமிர்ந்தார்.

"நீங்க வேணாம்னு டிக் போட்டா இன்னா? உங்களுக்கு எதிரா எழுதப் போறாங்கன்னா கூப்ட்டு கேட்டே ஆவணும். சட்டத்துலயே இருக்குது. அப்பீல் போடலாம். ஆனா நீங்கதான் வந்து பேசணும்."

"நானா? நீங்களே பேசிடுங்கம்மா."

"ரயில்ல சரக்கு வந்த கதை எனக்கா தெரியும்?"

விசாரணை நாளில் இந்த டப்பாவோடு போய் உட்கார்ந்தேன். அப்பீல் அதிகாரி கன்னடத்தில் கேட்டார். கன்னடம் நமக்குத் தண்ணீர் பட்ட பாடு. ஆனாலும் அன்று இரண்டு வாக்கியத்தில் நின்றுவிட்டேன். "பரவாகில்ல, தமிழ்லயே ஹேளி, சொல்லுங்க" என்றார். அவ்வளவுதான், நாக்கு அவிழ்ந்துகொண்டது. கூட்டத்தில் பைகளைத் தலைக்கு மேல் தூக்கிக்கொண்டு நீ ஏறுவதைச் சொன்னேன். மழையில் சட்டையைக் கழற்றி லைனிங் துணிக்குப் போர்த்தியதைச் சொன்னேன். பிறகு டிக்கெட்டுகளை மாதவாரியாக மேஜையில் அடுக்கினேன்.

பில் தேதிகளை ஒவ்வொன்றாக ஒத்துப் பார்த்தார். ஒன்றுகூட விலகவில்லை. டிக்கெட்டுகளோடு இருந்த ரயில்வே அடையாள அட்டையில் உன் போட்டோவைக் கொஞ்ச நேரம் பார்த்தார்.

"இவரு ஏன் பரலில்லா, வரலியா?"

"தவறிட்டாரு சார். அவருக்காகத்தான் நான் வந்தேன்."

கேட்காமல் போட்ட உத்தரவு ரத்து. சரக்கு வந்தது உண்மை என்று எழுதிவிட்டார். தாள் கைக்கு வந்ததும் கடைத்தெருவுக்கே டீ வாங்கிக் கொடுத்தேன். அப்புறம் தலை நிமிர்ந்து உன் தெருவில் நடந்து போய் உன் மனைவியிடம் கொடுத்தேன். சத்தமாகப் படிக்கச் சொன்னார். படித்தேன். அதை வாங்கி உன் படத்தின் கீழே வைத்துவிட்டு, சிரித்துக்கொண்டே அழுதார். எனக்கும் அழுகை வந்தது, மறைக்கவில்லை.

இப்போதெல்லாம் காலை ரயிலில் உன் பைகளோடு நான்தான் போகிறேன். எந்தப் படிவத்தில் அந்தக் கேள்வி வந்தாலும் 'ஆம்' என்று டிக் போடுகிறேன். தோள் வலிக்கிறதடா, நீ ஒருநாள்கூடச் சொன்னதில்லை.

என்னுடைய போன மாத சீசன் டிக்கெட்டை உன்னுடையவற்றின் மேல் வைத்து டப்பாவை மூடினேன். நாளைக்கு நீ கேட்டால் நானும் காட்ட வேண்டுமே.