அத்தை படிக்காமல் போட்ட கையெழுத்து

அன்பு மகளுக்கு அப்பா எழுதுவது. நானும் அம்மாவும் உடம்புக்கு ஒன்றும் இல்லாமல் இருக்கிறோம், நீயும் மாப்பிள்ளையும் குழந்தையும் அங்கே அப்படியே சுகமாக இருக்க வேண்டும். அம்மாவுக்கு முழங்கால் வலி பரவாயில்லை, குழந்தைக்குப் பல் முளைத்த படத்தைப் பால்காரரிடம்கூடக் காட்டிவிட்டாள். இனி எழுதப்போவதைப் போனில் சொல்லத்தான் நாலு தடவை கூப்பிட்டேன், உன் குரலைக் கேட்டதும் அங்கே குளிர் எப்படி என்று கேட்டுவிட்டு வைத்துவிட்டேன்.

வீட்டு வழக்கு முடிந்துவிட்டது. ஏழு வருஷம் இழுத்த பாகப்பிரிவினை போன புதன்கிழமை கோர்ட்டில் ராஜியாகிவிட்டது. கீழ்வீடு அத்தைக்கு, மாடி நமக்கு, வாசலும் படியும் பொது. யார் ஜெயித்தது என்று கேட்காதே.

தாத்தா போன மறுமாதம் நீ காலேஜ் பரீட்சைக்குக் கிளம்பும் அவசரத்தில், ஒரு கால் செருப்போடு, நான் நீட்டிய தாளில் சாட்சிக் கையெழுத்துப் போட்டாயே, ஞாபகம் இருக்கிறதா? "அத்தை படிச்சுட்டாங்களாப்பா?" என்று கேட்டாய். படித்துவிட்டாள் என்றேன். அவள் படிக்கவில்லையம்மா. வீட்டு வரியைப் பெயர் மாற்ற என்று சொல்லித்தான் வாங்கினேன். அப்பா வீட்டில் தனக்குப் பங்கே வேண்டாம் என்று அவள் எழுதிக்கொடுத்ததாக இருந்தது அந்தத் தாள். தையல் மிஷினிலிருந்து காலைக்கூட எடுக்காமல், "எங்கண்ணா போடணும்?" என்று மட்டும் கேட்டாள். அவளுக்கென்ன, புருஷன் சம்பாதிக்கிறார் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். விஷயம் தெரிந்து அவள் கேஸ் போட்டதும் எனக்கு ரோஷம் வேறு. உன் கல்யாணத்துக்கு அவளை அழைக்கக் கூடாது என்று ஒற்றைக் காலில் நின்றதும் நான்தான். அத்தைக்கு நம்மேல் பொறாமை என்று உன்னிடம் சொன்னதெல்லாம் பொய்.

இரண்டு மாதம் முன்னால் வக்கீல் கூப்பிட்டு, சாட்சி விசாரணை வருகிறது, உன்னை வீடியோவில் கேட்பார்கள் என்றார். "அத்தை படிச்சுப் பார்த்துத்தான் போட்டாங்கன்னு பொண்ணு ஒரு வார்த்தை சொன்னாப் போதும் சார்" என்றார். நானும் தலையாட்டிவிட்டு வந்து, நீ சொல்ல வேண்டியதை எழுதினேன். அச்சகத்தில் முப்பது வருஷம் பிழை திருத்திய பழக்கம், அந்தப் பொய்யிலும் ஒற்றுப்பிழை பார்த்தேன். அம்மா அதை வாங்கிப் படித்துவிட்டு, "நீங்க செஞ்சது போதாதுன்னு அவளையும் பொய் சொல்ல வைக்கப் போறீங்களா?" என்று கேட்டாள். மறுநாளே வக்கீலிடம் சமரசத்துக்குப் போகலாம் என்றேன். எனக்குப் புத்தி பிசகிவிட்டதோ என்று பார்த்தார்.

சமரச மையத்தில் மத்தியஸ்தம் பேசுகிற அம்மாள், இத்தனை வருஷம் கழித்து ஏன் இறங்கி வருகிறீர்கள் என்று கேட்டார். "அவ படிக்கலைங்க, நான்தான் ஏமாத்தி வாங்கினேன்" என்றேன். அத்தை நிமிரவே இல்லை, கைப்பையின் ஜிப்பைத் திறந்து திறந்து மூடிக்கொண்டிருந்தாள்.

புதன்கிழமை கோர்ட்டில் ராஜிப் பத்திரத்தை நீட்டி, "வக்கீல் பார்த்துட்டாரும்மா, போடுங்க" என்று குமாஸ்தா அவசரப்படுத்தினார். "நான் படிக்கணுங்க" என்றாள். ஒன்பது பக்கம், வரிக்கு வரி விரல் வைத்து, உதடு அசைய அசையப் படித்தாள். ஜட்ஜ் அடுத்த கேஸை எடுத்து முடித்துவிட்டார், அவள் ஆறாம் பக்கத்தில் இருந்தாள். நான் பக்கத்திலேயே நின்றேன். அவள் ஒவ்வொரு தாளைப் புரட்டும்போதும் எங்கேயாவது ஓடிவிடலாம் போல இருந்தது.

வெளியே வந்து, "மன்னிச்சுடும்மா" என்றேன். "வீடு கிடைச்சுது, சரி. நான் தூக்கி வளர்த்த புள்ளையோட கல்யாணத்தைப் பார்க்காமப் போயிட்டேனே, அதை எந்தக் கோர்ட்டுண்ணா குடுக்கும்?" என்று கேட்டுவிட்டு பஸ்ஸுக்குப் போய்விட்டாள்.

உன் கையெழுத்தையும் என் பொய்க்குச் சாட்சியாக்கினேன், அதற்கு நீயும் என்னை மன்னிக்க வேண்டும், உடனே முடியாவிட்டாலும் பரவாயில்லை. மழையில் நனையாதே, வேளாவேளைக்குச் சாப்பிடு. நீங்கள் மூவரும் யார் முன்னாலும் தலை குனியாமல் வாழ வேண்டும் என்று அம்மாவும் நானும் வாழ்த்துகிறோம். மறக்காமல் இந்த ஞாயிற்றுக்கிழமை அத்தையைக் கூப்பிட்டுக் குழந்தையைக் காட்டு. அவள் என்னைத் திட்டினால் எனக்காகப் பரிந்து பேசாதே, முழுக்கக் கேட்டுக்கொள்.

இப்படிக்கு,
உன் அப்பா