நான் செத்த காட்சியை வெட்டாதே

கான்ஸ்டன்டைன்,
வெள்ளிக்கிழமை, தொழுகைக்குப் பின்.

அன்பு மகள் ஸுலைகாவுக்கு,

இந்நகரத்துப் பாலங்களுக்கெல்லாம் மூத்தவனும், உன் எல்லாப் படங்களிலும் நடித்து உலகைக் கலக்கியவனுமாகிய உன் சித்தப்பா மொக்தாத் ஸலாம் சொல்லி எழுதுவது. நலமாயிருக்கிறேன். செத்துப் பிழைத்தவனுக்கு இதைவிட நலம் கிடையாது.

உன் கடிதம் வந்தது. மார்செய்யில் படத்தொகுப்புக்கு உட்கார்ந்தவள், சாவுக் காட்சியை வெட்டிவிடப் போவதாக எழுதியிருக்கிறாய். அத்தோடு இயக்கம், நடிப்பு, எழுத்து மூன்றையும் மூட்டை கட்டிவிட்டு ஏதோ அலுவலக வேலைக்குப் போகிறாயாம். மகளே, முதல் படத்தில் என் முழங்கையை மட்டும் காட்டினாய், பொறுத்தேன். அடுத்ததில் முதுகு. இதில்தான் முகம் வந்தது, அதுவும் பிணமாக. அதையும் வெட்டுவாயா?

அன்று நடந்ததில் உன் குற்றம் என்ன? படப்பிடிப்புக்காக என் வீட்டு வாசலில் நாற்காலிகளைப் போட்டதும், தெரு தன் வழக்கத்தைச் செய்தது. சாவு வீட்டார் சமைக்கக் கூடாதென்று எதிர்வீட்டு ஹூரியா மலையளவு கூஸ்கூஸ் ரவைச்சோறு கொண்டு வந்துவிட்டாள். கேமராவைப் பார்த்தும் சந்தேகம் வரவில்லை. "கல்யாணத்தப் புடிக்கிறவங்க சாவையும் புடிப்பாங்க" என்றாளாம். அவள் வைத்த ஒப்பாரி பள்ளத்தாக்கைத் தாண்டி, உன் அப்பா உட்கார்ந்திருந்த காபிக்கடைக்கு எட்டியது.

நீ திரையில் முகம் காட்டிய நாள் முதல் உன்னோடு பேசாத மனிதர், ஒற்றைச் செருப்போடு பாலத்தில் ஓடி வந்தார். பாலம் ஆடிய ஆட்டத்தில் பாதி நகரம் பூகம்பமென்று வெளியே வந்து நின்றது. என்மேல் விழுந்து, "கழுத, இருந்தும் கெடுத்த, செத்தும் கெடுக்கறியே. எனக்கு முந்திப் போக ஒனக்கு யாருடா அனுமதி குடுத்தா?" என்று கதறினார். செத்தவனின் மகளாக நடித்துக்கொண்டிருந்த நீ அவரைத் தாங்கினாய். அவரும் உன் தோளில் சாய்ந்து அழுதார். நான் கண் திறக்கவில்லை. 'கட்' சொல்ல வேண்டியவளே அழுதுகொண்டிருந்தால் கலைஞன் என்ன செய்வான்?

பிறகு எனக்குத் தும்மல் வந்ததும், மிச்சமிருந்த செருப்பால் அவர் என்னைச் சாத்தியதும், உன்னைப் பாராமலே வெளியேறியதும் நீ கண்டவை. நீ ஊரைவிட்டுப் போனபின் நடப்பது உனக்குத் தெரியாது.

தினமும் வருகிறார். தம்பியின் உடல்நலம் விசாரிக்க என்று பேர். நேற்று காபியை ஆறவிட்டுவிட்டு, "நான் அழுதது எப்படி வந்திருக்கும்? தலப்பா கோணலா இருந்துச்சே" என்றார். மறுபடி எடுக்கச் சொல்லலாமா என்று கேட்டேன். "ஒருக்கா அழுதது போதும்டா" என்றவர், கொஞ்சம் கழித்து, "அந்தப் புள்ள என்னக் கீழ விழாம தாங்கிட்டா" என்றார்.

ஆகவே வெட்டாதே. கோடையில் படத்தோடு வா. திரைக்குத் துணி தேட வேண்டாம். என்னைப் போர்த்திய வெள்ளைத் துணி துவைத்து வைத்திருக்கிறது. முற்றத்துச் சுவரில் கட்டிவிடுவோம். அண்ணனோ, தான் வரப்போவதில்லை என்று காபிக்கடை முழுக்கச் சொல்லிக்கொண்டு திரிகிறார். எந்த நாற்காலி வேண்டுமென்றும் என்னிடம் சொல்லிவிட்டார். முன்வரிசை.

உன் கண்ணுக்கும் கைக்கும் அல்லாஹ் பரக்கத் தரட்டும்.

இப்படிக்கு,
இன்னும் காலமாகாத உன் சித்தப்பா,
மொக்தாத்.

பி.கு.: உனக்கு ஸலாம் எழுதும்படி அவர் சொல்லவில்லை. இந்த உறையில் தபால்தலையை மட்டும் நான் தொடுமுன்னே தானே ஒட்டிவிட்டார். ஒன்று போதும். மூன்று ஒட்டியிருக்கிறார், வழியில் எங்கும் நின்றுவிடக் கூடாதென்று.